ஒரு கரண்டிகூடத் தேவையில்லை

கொலம்பியாவைப் பற்றி எங்கள் ஊரில் யாருக்காவது சந்தேகம் வந்தால் என்னிடம்தான் வர வேண்டும் என்றொரு பேர் எனக்கு இருந்தது. முப்பது வருடத்தில் யாருக்கும் அப்படியொரு சந்தேகம் வராததால் அந்தப் பேரும் பழுதில்லாமல் இருந்து வந்தது.

பேர் வந்த கதை சின்னது. என் வாலிபத்தில் லத்தீன் அமெரிக்க நாவல்கள் தமிழில் வரத் தொடங்கியபோது, இலங்கையின் கிழக்குக் கரையிலுள்ள எங்கள் சாய்ந்தமருதில் அவற்றை வாசித்த முதல் ஆள் நான். இரண்டாவது ஆள் இருக்கவில்லை. அட்டை வெளியே தெரியும்படி கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தேநீர்க் கடைக்குப் போவேன். பிறகு புவியியல் வாத்தியாராகி, கொலம்பியாவின் பிரதான ஏற்றுமதி கோப்பி என்று வருடா வருடம் கரும்பலகையில் எழுதினேன். என் புலமை அவ்வளவுதான். மீதியை ஊர் தன் பெருந்தன்மையால் நிரப்பிக்கொண்டது.

ஒருநாள் தோஹாவிலிருந்து மகள் பேசினாள். ஒரே மகள். அங்கே கட்டட நிறுவனமொன்றில் வேலை.

"வாப்பா, ஒரு விசயம் கதைக்கணும். உம்மாவையும் பக்கத்துல கூப்புடுங்க."

அவளோடு வேலை செய்யும் இஞ்சினியர் ஒருவர். கொலம்பியாவில் பிறந்து, பன்னிரண்டு வயதில் தாயோடு ஸ்பெயினுக்குப் போய், மத்ரீத் நகரில் வளர்ந்தவர். தோஹாவுக்கு வந்த இடத்தில், மகளைச் சந்திக்கும் முன்னரே, இஸ்லாத்துக்கு வந்தவர். இந்தக் கடைசித் தகவலை மகள் இரண்டு தடவை சொன்னாள்.

என் மனைவி இரண்டே கேள்வி கேட்டாள். "தொழுவாரா?" "மீன் தின்பாரா?" இரண்டுக்கும் ஓம் என்று பதில் வந்ததும் அவள் பக்கத்து விசாரணை முடிந்தது. ஐந்து கண்டங்களின் வரலாற்றையும் மனதில் புரட்டிக்கொண்டிருந்த எனக்குக் கேட்க ஒன்றும் மிஞ்சவில்லை.

"ஆனா ஒண்டு" என்றாள் மகள். "அவர் உம்மாக்கு ஒரே புள்ள. அவர்ட உம்மா ஓம் எண்டாத்தான் நிக்காஹ், இல்லாட்டி இல்ல எண்டு சொல்லிட்டார். அவ நேர்ல வந்து, ஊட்டையும் உங்களையும் பாத்துட்டுத்தான் சொல்லுவாவாம். எங்களுக்கு லீவு கிடைக்க முந்தியே, எட்டு நாளைக்கு முன்னம் அவ தனிய வாறா. வாப்பா, நீங்கதான் பாத்துக்கணும். நீங்க கெட்டித்தனம் காட்டாம இருந்தாலே போதும்."

கடைசி வாக்கியத்தை நான் அப்போது சரியாகக் கவனிக்கவில்லை.

கைத்தொலைபேசியில் மூன்று மாதம் ஸ்பானிய மொழி படித்தேன். "ஆமை பால் குடிக்கிறது", "என் மாமாவின் தொப்பி மஞ்சள்" ஆகியவற்றைப் பிழையில்லாமல் சொல்லும் நிலைக்கு வந்தேன். இரண்டையும் சொல்ல வேண்டிய சந்தர்ப்பம் இன்றுவரை அமையவில்லை.

இன்னொரு சிக்கலும் இருந்தது. மாப்பிள்ளைக்கு ஊரில் ஆள் இல்லை. மாப்பிள்ளை வீட்டார் என்று நாலுபேர் அவரை அழைத்துக்கொண்டு பெண்வீட்டுக்கு வரவேண்டுமே! மனைவியின் தம்பி முன்வந்தார். சந்தையில் சாரன், லுங்கிக் கடை வைத்திருப்பவர். எந்தக் கூட்டத்திலும் மற்றவரைவிட ஒரு சத்தம் கூடப் பேசுபவர்.

"நான் மாப்பிள்ளப் பகுதி, மச்சான்" என்று அறிவித்தார். "இண்டையில இருந்து உங்களோட எனக்குச் சொந்தம் இல்ல. சபையில கண்டா சலாம் மட்டும்தான்."

"எலா, நான் உன்ட சொந்த ராத்தா" என்றாள் மனைவி.

"அது பழைய கதை. இப்ப நீங்க பொண்ணு ஊடு. மரியாத கொஞ்சம் கூட இரிக்கணும். ஒரு பிளேன்டி போடுங்க, பாப்பம்."

*

சம்பந்தி வந்து இறங்கிய காலை நன்றாக நினைவிருக்கிறது. கட்டுநாயக்கா விமான நிலையத்திலிருந்து எட்டு மணித்தியாலம் வான் வண்டியில் வந்த களைப்போடு கேட்டடியில் நின்றார். என் மனைவியைவிட இரண்டு மூன்று வயது மூப்பு. குட்டையான, உறுதியான உருவம். கழுத்தில் சின்னதாக மாதா பதக்கம். முஸ்லிம் ஊருக்கு வருகிறோமென்று தோளில் ஒரு துணி போட்டிருந்தார். நான் மனப்பாடம் செய்திருந்த வரவேற்பைச் சொன்னேன். அவர் முகம் மலர்ந்து, என் கையைப் பிடித்து, நீளமாக ஏதோ சொன்னார். அதில் "மி அமோர்" என்று இரண்டு முறை வந்தது.

நான் கையில் பிடித்திருந்த தொலைபேசி, மொழிபெயர்க்கும் தன் கடமையைச் செய்தது. அதற்குள் இருக்கும் பெண், தொலைக்காட்சிச் செய்தி வாசிப்பவள்போல், ஒழுங்கை முழுக்கக் கேட்கும்படி வாசித்தாள்: "உங்களைக் கண்டதில் மகிழ்ச்சி, என் அன்பே. பயணம் நீளமாக இருந்தது, என் அன்பே."

மனைவி என்னைப் பார்த்தாள். மூன்று மாதமாக இரகசியமாகக் காதில் எதையோ மாட்டிக்கொண்டு நான் முணுமுணுத்ததற்கெல்லாம் அவளுக்கு அந்த ஒரு கணத்தில் விளக்கம் கிடைத்துவிட்டது. நல்லவேளையாக, சம்பந்தி அடுத்ததாக வான் சாரதியையும், மனைவியையும், தலை நீட்டிய பக்கத்து வீட்டுப் பூனையையும் அதே சொல்லால் அழைத்தார். மீன்காரரையும் பிறகு அப்படித்தான் அழைத்தார். அவர் அன்றைக்கு விளைமீனில் இரண்டு துண்டு கூடப் போட்டார். கொலம்பியர்களின் வழக்கம் அது. முன்பின் தெரியாதவர்தான் அவர்களுக்கு முதல் அன்பர்.

அதேவேளை, பெற்ற மகனோடு தொலைபேசியில் கதைக்கும்போது "நீங்கள்" என்றுதான் கதைத்தார். கோப்பி மலைப்பக்கத்தில் அதுதான் முறையாம். மத்ரீத் ஆட்கள் இதைக் கேட்டுச் சிரிப்பார்களாம். நாங்கள் சிரிக்கவில்லை. "மகன், சாப்புட்டீங்களா?" என்று கேட்டு வளர்க்கும் ஊர் இது.

முதல் மூன்று நாட்கள் கலியாணம் முடிந்த மாதிரியே போயின. என் ஸ்பானிய மொழிக்கு வேலை வைக்காமல் இரண்டு பெண்களும் குசினிக்குள் போய்விட்டார்கள். சோளமாவில் தடித்த ரொட்டி தட்டி, அதற்கு அரெப்பா என்று பேர் சொன்னார் சம்பந்தி. எங்கள் கோப்பியில் மல்லியும் இஞ்சியும் இருப்பதைக் கண்டு, இறந்த வீட்டில் நிற்பவர்போல் தலையைக் குனிந்துகொண்டார். ஆனால் மனைவி பால் விடாத பிளேன்டியோடு ஒரு துண்டு கித்துள் பனைச் சக்கரையை வைத்தபோது, அதைக் கடித்துவிட்டு, "பனெலா!" என்று சத்தமிட்டு மனைவியின் கன்னத்தில் முத்தமிட்டார். அவர்களுடைய கரும்புச் சக்கரைக்கு அந்தப் பேர். சின்ன வயதில் பசி வந்தால் அதைச் சுடுநீரில் கரைத்துத்தான் குடிப்பார்களாம்.

ஞாயிற்றுக்கிழமைகளில் மத்ரீதிலுள்ள கொலம்பியர்கள் ஒரு பூங்காவில் கூடுவதைப் பற்றிச் சொன்னார். புல்லில் துணி விரித்து, சட்டி நிறையச் சமைத்து வந்து, ஊர்ப் பாட்டுப் போட்டு, யார் வீடு கட்டுகிறார், யார் மகளுக்குக் கலியாணம் என்று கதைப்பார்களாம். தோஹாவில் வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பின் எங்கள் ஊர் ஆட்கள் செய்வதும் அதுதான். பாட்டு மட்டும் இல்லை.

"மேசை", "பாண்", "அலுமாரி", "குசினி" என்று மனைவி சொன்னவற்றில் பாதி அவருக்கு ஏற்கெனவே விளங்கியது. நான் எழுந்து நின்று, இந்தச் சொற்களை எங்களுக்குத் தந்த போர்த்துக்கீசரும் ஸ்பானியரும் அயலவர் என்பது பற்றியும், அந்தலூசியாவில் முஸ்லிம்கள் ஆண்ட காலம் பற்றியும் ஒரு விரிவுரை தொடங்கினேன். மனைவி வெங்காயத்தை என் கையில் தந்து உரிக்கச் சொன்னாள்.

அந்த விரிவுரையில் ஒரு பயனுள்ள பகுதி இருந்தது. கலியாணம் நடக்குமா என்று மனைவி கைச்சாடையால் கேட்டபோதெல்லாம் சம்பந்தி "ஓஹலா" என்று பதில் சொன்னார். அது இன்ஷா அல்லாஹ் போன்றதொரு அரபுச் சொல்லிலிருந்து ஸ்பானிய மொழிக்குப் போனது என்று நான் விளக்கினேன்.

"அப்ப இன்னும் முடிவெடுக்கல்ல எண்டுதான் அர்த்தம்" என்றாள் மனைவி. "நம்மட ஆள்தான்."

எங்கள் உறவுக்கு அவர்களிடம் ஒரு சொல்லும் இருக்கிறது: கொன்சுவெக்ரா. மகனின் மாமியார், மகளின் மாமியார், இரண்டும் அதற்குள் அடக்கம். ஆங்கிலத்தில் இதற்குச் சொல்லே இல்லை. சம்பந்தி என்றொரு சொல் தேவைப்படாத ஒரு சமூகத்தை நம்பி இத்தனை வருடம் நாங்கள் ஆங்கிலம் படித்திருக்கிறோம்.

*

நான்காம் நாள் காலை, நான் கெட்டித்தனம் காட்டினேன்.

எங்கள் பக்கத்து வழக்கத்தை வெளியூர் வாசகருக்குச் சொல்ல வேண்டும். இங்கே பெண் மாப்பிள்ளை வீட்டுக்குப் போவதில்லை. மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார். மகள் பிறந்த அன்றே தகப்பன் வீடு கட்டத் தொடங்குவான். மனதில் தொடங்கி, பிறகு கல்லில். அது சீதனம்தான், அதற்கு வேறு பேர் வைக்க முடியாது. சீதனத்தை எதிர்த்து நான் பத்திரிகைகளில் காரசாரமாக ஏழெட்டுக் கட்டுரைகள் எழுதியிருக்கிறேன். எல்லாவற்றையும் என் மாமனார் எனக்குத் தந்த சீதன வீட்டின் விறாந்தையில், அவர் தந்த மேசையில் வைத்துத்தான் எழுதினேன். மேசை நல்ல தேக்கு.

அதே வளவுக்குள் மகளுக்கு நான் கட்டிய வீடு புதிதாகப் பூட்டிக் கிடந்தது. சம்பந்தியை அழைத்துப் போய்க் காட்டினேன். கட்டிலைக் காட்டினேன். பொலித்தீன் பிரிக்காத மெத்தை, கண்ணாடி வைத்த அலுமாரி, குளியலறையில் மடித்து வைத்த துவாய். குசினியில், இன்னும் ஒருதரம்கூட மூட்டாத அடுப்பு. பிறகு நடு அறையில் நின்று, பெண்ணைப் பெற்ற தகப்பன் ஒருவன் எங்கள் ஊரில் சொல்லக்கூடிய ஆகச் சிறந்த வசனத்தைத் தொலைபேசிக்குள் சொன்னேன். இருபத்தாறு வருடமாக மனதுக்குள் ஒத்திகை பார்த்த வசனம்.

"உங்கட மகன் ஒண்டும் கொண்டு வரத் தேவையில்ல. எல்லாம் இஞ்ச இரிக்கி. கட்டில், மெத்த, துவாய், எல்லாம் நாங்க வெச்சிருக்கம். ஒரு கரண்டிகூடத் தேவையில்ல. உடுப்ப மட்டும் கொண்டு வந்தாப் போதும்."

தொலைபேசிக்குள் இருந்த பெண் அதை ஸ்பானிய மொழியில் நிதானமாக வாசித்தாள். நான் சம்பந்தியின் கண்ணில் நீர் வரும் என்று எதிர்பார்த்தேன். வரவும் செய்தது. ஆனால் அது நான் எதிர்பார்த்த சாதிக் கண்ணீர் இல்லை என்பது எனக்கே விளங்கியது. அவர் மெத்தையின் பொலித்தீனை விரலால் ஒருமுறை தடவினார். "வீடு யார் பேரில்?" என்று கேட்டார். மகள் பேரில் என்றேன், இன்னும் பெருமையாக. "திறப்பு?" என்றார், கதவின் சாவித் துவாரத்தைக் காட்டி. மனைவியிடம் என்றேன். "கிராசியாஸ்" என்று மரியாதையாகச் சொல்லிவிட்டுத் தன் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். பகல் சாப்பாட்டுக்கு வரவில்லை.

"என்ன சொன்னீங்க அவக்கிட்ட?" என்றாள் மனைவி.

"நல்லதத்தான் சொன்னேன்."

"நீங்க நல்லது சொன்னா இப்பிடித்தான் நடக்கும்."

அஸர் தொழுகைக்கு முன் மகள் பேசினாள்.

"வாப்பா, அவ ஊட்டுக்குப் போப்போறாவாம். ஓம் சொல்ல மாட்டன் எண்டு மகன்ட்டச் சொல்லிட்டா. என்ன சொன்னீங்க?"

சொன்னதைச் சொன்னேன். பிறகு மகள் சொன்னவற்றை இங்கே சுருக்கித் தருகிறேன்.

மத்ரீதில் அந்தத் தாய் பத்தொன்பது வருடமாகச் செய்யும் வேலை, வயதானவர்களின் வீட்டிலேயே தங்கி அவர்களைப் பராமரிப்பது. கொலம்பியாவிலிருந்து போகும் பெண்கள் பலருக்கு வாய்க்கும் வேலை அது. குசினிக்குப் பக்கத்தில் ஒரு சின்ன அறை தருவார்கள். மகனைத் தன் சிநேகிதி வீட்டில் விட்டு, ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தப் பூங்காவில்தான் கண்டு வளர்த்தார். முதல் வீட்டுக்கு வேலைக்குப் போன அன்று வீட்டுக்காரி சொன்ன வார்த்தை: நீ ஒன்றும் கொண்டு வர வேண்டாம், கட்டில் இருக்கிறது, துவாய் இருக்கிறது, தட்டும் கரண்டியும் இருக்கிறது, உடுப்பை மட்டும் கொண்டு வா. அந்த வீட்டுத் திறப்பு அவருக்குக் கடைசிவரை தரப்படவில்லை. தன் மகன் ஒருநாளும் அடுத்தவர் வீட்டில் இருக்க மாட்டான் என்று அன்று மனதில் எழுதிக்கொண்டாராம். கொலம்பிய மலையில் இத்தனை வருடமாகக் கல் கல்லாக ஒரு வீடு கட்டுகிறார். அதன் மேல்மாடி அறை மகனுக்கு.

"வாப்பா, அதே சொல்லு. கரண்டியோட சேத்து" என்றாள் மகள்.

தொலைபேசியை வைத்துவிட்டு நான் கட்டிய வீட்டைப் பார்த்தேன். நல்ல வீடு. நிலைக்கதவு முதிரை மரம்.

*

மறுநாள் காலை சம்பந்தியின் பெட்டி அறை வாசலில் நிமிர்ந்து நின்றது. நான் மன்னிப்புக் கேட்டேன். கோபமில்லை, யோசிக்கிறேன் என்றார். கோபம் என்றாலாவது கையாள ஒரு வழி இருந்திருக்கும்.

எங்கிருந்தோ கேள்விப்பட்டு மாப்பிள்ளைப் பகுதி வந்து சேர்ந்தது, மோட்டார் சைக்கிளில்.

"என்ன மச்சான், எங்கட ஆளுக்கு மனவருத்தமாம்? இதுதான் நீங்க எங்களுக்குச் செய்யிற மரியாதயா?"

"நீ கொஞ்சம் சும்மா இரி" என்றாள் அவருடைய ராத்தா.

"நான் எப்பிடிச் சும்மா இரிக்கிற? நான்தானே கேக்கணும். வாங்க, மாமி" என்று சம்பந்தியிடம் திரும்பினார். "கொஞ்சம் நடந்துட்டு வருவம். மச்சான், நீங்களும் வாங்க, அந்தப் போனத் தூக்கிட்டு."

இப்படியாக, முப்பது வருடக் கொலம்பிய அறிஞன், போன் தூக்கும் வேலைக்கு அமர்த்தப்பட்டேன்.

ஒழுங்கையின் முதல் கேட்டில், எனக்கும் மச்சானான அவர் நின்றார். "இது யார்ட ஊடு? பள்ளிவாசல் தலைவர்ட பொண்டாட்டிட ஊடு" என்றார் சத்தமாக. தொலைபேசிப் பெண் வாசித்தாள். அடுத்தது: "இது டொக்டர்ட பொண்டாட்டிட ஊடு."

"டொக்டர் எங்கே?" என்று கேட்டார் சம்பந்தி.

"அவரும் இதுக்குள்ளதான் இரிக்கார்."

"இது பள்ளிக்கூட அதிபர்ட பொண்டாட்டிட ஊடு. இது நாலு போட் வெச்சிருக்கிற முதலாளிட பொண்டாட்டிட ஊடு. கடல்ல இரிக்கிற போட்டெல்லாம் அவர்ட, கரையில இரிக்கிறது ஒண்டும் அவர்ட இல்ல."

எட்டாவது கேட்டில் சம்பந்தி மச்சானை நிறுத்தி, "எல்லா ஆண்களுமா?" என்று கேட்டார்.

"ஓம் மாமி. நான் பிறந்த ஊடு இப்ப ராத்தாட, அங்க மச்சான் இரிக்கார். நான் இரிக்கிறது என்ட பொண்டாட்டிட. அவட தம்பி இரிக்கிறது அவன்ட பொண்டாட்டிட. எல்லாரும் ஒருத்தன்ட இடத்துல ஒருத்தன் இரிக்கம்."

அவருடைய வீட்டுக்கு, அதாவது அவர் இருக்கும் வீட்டுக்கு, வந்துவிட்டோம். அவர் கேட்டடியில் நின்று செருமினார். குரல் அரைவாசியாகக் குறைந்தது. "இஞ்ச, ஆக்கள் வந்திரிக்காங்க. உள்ளுக்குக் கூட்டிட்டு வரலாமா?"

உள்ளேயிருந்து பதில் வந்தது: "அஞ்சி நிமிசம் நிக்கச் சொல்லுங்க, ஊட்டக் கூட்டிட்டிருக்கன்."

சந்தையே அதிரப் பேசும் மனிதர் கேட்டைப் பிடித்துக்கொண்டு சாதுவாக நின்ற அந்த ஐந்து நிமிடத்தில்தான் சம்பந்தி சிரித்தார். முதலில் வாயைப் பொத்திக்கொண்டு. பிறகு மதிலில் சாய்ந்து. சிரித்துக்கொண்டே என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் பரிதாபம் இருந்தது. எனக்கு அதை மறுக்கத் தோன்றவில்லை.

திரும்பி வந்து விறாந்தையில் உட்கார்ந்தோம். சிரிப்பு அடங்கியதும் அவர் நேராக என்னிடம் கேட்டார். தொலைபேசி வாசித்தது: "நீங்கள் இந்த வீட்டுக்கு வந்தபோது கவலையாக இருந்ததா?"

பகிடி ஒன்று சொல்லித் தப்பலாம் என்று வாயைத் திறந்தேன். அந்தப் பெண்ணின் செய்திக் குரலில் பகிடி எடுபடாது என்பதால் உண்மையைச் சொல்ல வேண்டியதாயிற்று. ஒரு சூட்கேசும் ஒரு பெட்டி புத்தகமும் கொண்டு வந்தேன் என்றேன். அலுமாரி இவர்களுடையது, ஆகவே புத்தகங்கள் இரண்டு வருடம் கட்டிலுக்கு அடியில் கிடந்தன. சீனிப் போத்தல் எங்கே இருக்கிறது என்று கேட்க வெட்கப்பட்டு, ஆறு மாதம் சீனியில்லாமல் தேநீர் குடித்தேன். எனக்கு அதுதான் பிடிக்கும் என்று வீட்டில் முடிவெடுத்து, இன்றுவரை அப்படித்தான் தருகிறார்கள். இருபத்தெட்டு வருடமாக எனக்கென்று இந்த வீட்டுக்குத் திறப்பு கிடையாது. தேவைப்பட்டதும் கிடையாது, எப்போதும் கதவு திறக்க யாராவது இருப்பார்கள். மற்றபடி நல்ல ஊடுதான் என்றேன். சண்டை பிடித்தால் கோபித்துக்கொண்டு வெளியே போகும் உரிமை ஆணுக்குத்தான். பிரச்சினை, எங்கே போவது என்பதுதான்.

அவர் தலையாட்டிக் கேட்டார். பிறகு இன்னொரு கேள்வி. "உங்கள் தாய் உங்களைப் பார்க்க வந்தால் எங்கே உட்காருவார்?"

இருபத்தெட்டு வருடத்தில் இதை யாரும் என்னிடம் கேட்டதில்லை. நானும் என்னிடம் கேட்டதில்லை.

"அந்தக் கதிரையில" என்று காட்டினேன். "வாசலுக்குக் கிட்ட இரிக்கிற. நுனியில இரிப்பா. சாய மாட்டா. ஒருநாள் வெயிலுக்குள்ள நடந்து வந்து, தண்ணி வேணும் எண்டு என்னட்டத்தான் மெல்லமாக் கேட்டா, ஊட்டுக்காரங்களுக்குக் கேக்காம. நான் எழும்பிப் போய் எடுக்கல்ல. எனக்கும் கூச்சம். அவ தண்ணி குடிக்காமத்தான் போனா."

உம்மா மௌத்தாகிப் பல வருடம். நான் சொன்னது தொலைபேசிக்குத்தான். ஆனால் தமிழில் சொன்னேன். வாசல் நிலையில் மனைவி நின்றிருந்தாள் என்பதை அதன் பிறகுதான் கண்டேன்.

அவள் உள்ளே போய்த் திறப்புக் கோர்வையோடு திரும்பி வந்தாள். சம்பந்தியின் கையைப் பிடித்து எழுப்பினாள். "வாங்க, ராத்தா" என்று புதுவீட்டுக்குக் கூட்டிப் போனாள். நானும் மச்சானும் பின்னால் போனோம், போனைத் தூக்கிக்கொண்டு.

புதுவீட்டுக் குசினியில் முதல்முதல் பால் காய்ச்சுவதற்கு மனைவி நாள் பார்த்து வைத்திருந்தாள். அந்த முதல் நெருப்பு வீட்டுக்காரியின் உரிமை. அதற்கென்று வாங்கிய பித்தளைச் சட்டியை அலுமாரியிலிருந்து எடுத்து, தீப்பெட்டியையும் சேர்த்துச் சம்பந்தியின் கையில் வைத்தாள்.

"இஞ்ச இன்னும் அடுப்பு மூட்டல்ல. நீங்க மூட்டுங்க. உங்கட மகன் வாற ஊட்டுல உங்கட கைதான் முதல்ல." பிறகு என் பக்கம் திரும்பாமலே சொன்னாள்: "இஞ்ச வந்தா நீங்க தண்ணி கேக்கத் தேவையில்ல. நீங்களே எடுங்க. இதையும் அந்தப் புள்ளக்கிட்டச் சொல்லி ஒழுங்கா வாசிக்கச் சொல்லுங்க."

அந்தப் புள்ள ஒழுங்காக வாசித்தாள்.

சம்பந்தி தீப்பெட்டியைக் கையில் புரட்டிப் பார்த்தார். பிறகு அடுப்பை மூட்டினார்; ஆனால் பால் வைக்கவில்லை. தன் அறையிலிருந்து தான் கொண்டு வந்த கோப்பித்தூளை எடுத்து வந்து, கித்துள் சக்கரை போட்டுக் கொதிக்க வைத்தார். வடித்து நாலு கோப்பையில் ஊற்றினார். கலக்குவதற்குக் கரண்டி தேடினார். புதுவீட்டில் கட்டில் இருந்தது, மெத்தை இருந்தது, துவாய் இருந்தது. கரண்டி இருக்கவில்லை. நான் வாங்க மறந்திருக்கிறேன்.

மனைவி தலையில் கை வைத்தாள். மச்சான், "பொண்ணு ஊட்டார்ட லட்சணம்" என்றார். சம்பந்தி என்னைப் பார்த்து ஒரு விரலை உயர்த்தி, ஸ்பானிய மொழியில் மெதுவாக, என் தரத்துக்கு இறங்கி, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். அந்த ஒரு வாக்கியம் மட்டும் எனக்குத் தொலைபேசி இல்லாமலே விளங்கியது.

"சரி. ஆனால் கரண்டி என் மகன் கொண்டு வருவான்."

*

கொண்டு வந்தார். நிக்காஹ் அன்று பின்னேரம் மாப்பிள்ளைப் பகுதியாக மச்சானின் கடைப் பொடியன்மார், பள்ளிவாசல் தலைவர், டொக்டர் எல்லோரும் திரண்டு வந்தார்கள். எல்லோருக்கும் முன்னால் மச்சான். நெடுத்த, வெட்கப்படுகிற மாப்பிள்ளை வெள்ளை ஜுப்பாவில் வந்து, வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, பையிலிருந்து பெரிய அகப்பை அளவில் ஒரு கரண்டியை எடுத்து என் மனைவியின் கையில் கொடுத்தார். தோஹா கடையின் விலைச்சீட்டு இன்னும் உரிக்காமல் இருந்தது.

"எழுதிக்கொள்ளுங்க" என்றார் மச்சான் சபையைப் பார்த்து. "எங்கட பகுதி வெறுங்கையோட வரல்ல."

ஊர்ப் பெரியவர் ஒருவர் என் காதில் கேட்டார்: "கொலம்பியாவுல இது வழமையா, சேர்?"

"ஓம்" என்றேன். "பழைய வழமை." முப்பது வருடத்தில் என்னிடம் வந்த முதல் சந்தேகம்; பதில் சொல்லாமல் விட முடியுமா?

அந்தக் கலியாணம் முழுக்கச் சம்பந்தி ஒரு கதிரையில் நன்றாகச் சாய்ந்து, காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். மனைவி இரண்டு தடவை போய் முதுகுக்குத் தலையணை வைத்தாள். வாசலுக்குக் கிட்ட இருந்த பழைய கதிரையை அவள் அன்று காலையிலேயே நடு அறைக்கு மாற்றியிருந்தாள்.

சம்பந்தி மத்ரீதுக்குத் திரும்பும் நாளில் புதுவீட்டுத் திறப்பில் இரண்டு பிரதி வெட்டச் செய்து மனைவி கொடுத்தாள்: ஒன்று மாப்பிள்ளைக்கு, ஒன்று அவருக்கு. எனக்கு வேண்டுமா என்று யாரும் கேட்கவில்லை. பழக்கம்தானே. வான் ஏறப் போன சம்பந்தி திரும்பி வந்து, தன் கைப்பைக்குள் தேடி, நீல நூல் கட்டிய ஒரு திறப்பை எடுத்தார். மலைமேல் கட்டும் வீட்டின் மேல்மாடித் திறப்பாம். அறைக்கு இன்னும் கூரை போடவில்லை. கதவு மட்டும் போட்டாயிற்று. மனைவி கை நீட்டினாள். அவர் அவளைத் தாண்டி வந்து அதை என் உள்ளங்கையில் வைத்து விரல்களை மூடினார்.

"மி அமோர்" என்றார். பிறகு ஏதோ சொன்னார். தொலைபேசி மனைவியின் கையில் இருந்தது. அவள் கேட்டுவிட்டுச் சிரித்தாள்.

"என்னவாம்?"

"சண்ட பிடிச்சா நீங்க அங்க போகலாமாம்."

இப்போது அந்தத் திறப்பு என் எழுத்து மேசைக்கு மேலே, மாமனார் வீட்டுச் சுவரில், நான் அடித்த ஆணியில் தொங்குகிறது. ஆணி அடிக்க அனுமதி கேட்டேன். வார்த்தை தடித்தால் இரண்டு பேரும் அதைத்தான் முதலில் பார்க்கிறோம். போன கிழமை நான் எட்டித் தொட்டும் விட்டேன். மனைவி தேநீர் கொண்டு வந்து வைத்தாள்.

சீனி போட்டிருந்தது.